நண்டிலும் பதர் உண்டு

கட்டுக்கரைப் பக்கம் நெல் வாங்குகிறவர்கள் மூட்டைக்குள் கையை விட்டு ஒரு பிடி எடுத்து ஊதிப் பார்ப்பார்கள். பதர் பறந்துவிடும். நண்டு வியாபாரத்துக்கு வந்த புதிதில் எனக்கு அந்தப் புத்தி இருக்கவில்லை. வங்காலைப் பக்கத்து வாடியொன்றில் பெரிய நண்டாகப் பார்த்து இரண்டு பெட்டி எடுத்தேன். கொள்வனவு செய்த கம்பெனியில் ஓட்டை உடைத்தால் உள்ளே தண்ணீர். விலையில் பாதியைக் கழித்துவிட்டார்கள்.

காரணம் பிறகுதான் விளங்கியது. நண்டின் ஓடு வளராது. உடம்பு பெருக்க வேண்டுமானால் பழைய ஓட்டைக் கழற்றியாக வேண்டும். கழற்றியதும் அது தண்ணீரை உறிஞ்சி உடம்பை ஊதச் செய்து, இளகிய புது ஓட்டைப் பெரிதாக்கிக் கொள்கிறது. பிறகு அந்தத் தண்ணீரின் இடத்தில் சதை நிரம்ப நாட்கள் எடுக்கும். ஓடு கழற்றும் நாட்களில் இரை எடுப்பதுமில்லை. ஆகவே கறையில்லாமல், ஒட்டுச் சிப்பி இல்லாமல் பளபளக்கும் ஓட்டைக் கண்டால் சந்தேகப்படுங்கள். அடிப்பக்கத்தைப் பெருவிரலால் அழுத்துங்கள். அமிழ்ந்தால் அது பதர்.

(நண்டு உண்பது பற்றிய மஸ்அலாவை உலமாக்களிடம் கேளுங்கள். நான் வியாபாரம் மட்டுமே எழுதுகிறேன்.)

நீலக்கால் நண்டு பகலில் மணலுக்குள் புதைந்து கண்ணை மட்டும் நீட்டிக்கொண்டிருக்கும். இருட்டிய பின்தான் இரை தேடும். மட்டி, சிப்பி, புழு, செத்த மீன் எல்லாம் அதற்கு ஆகும். ஓடு கழற்றி மெதுவாகிக் கிடக்கும் தன் இனத்தையும் விடாது. கொடுக்கால் நொறுக்கியதை இரைப்பைக்குள்ளே உள்ள பல் போன்ற உறுப்புகள் அரைக்கின்றன.

அதே மணலில் படுத்திருப்பது நாக்கு மீன். குஞ்சாக இருக்கும்போது மற்ற மீன்களைப் போலப் பக்கத்துக்கு ஒரு கண். வளர வளர ஒரு கண் நகர்ந்து மற்றப் பக்கத்துக்கே வந்துவிடுகிறது, சுப்ஹானல்லாஹ்! கண்ணில்லாத பக்கத்தைக் கீழே வைத்துப் படுத்து, சிறிய வாயால் புழுவும் சிற்றிறாலும் பொறுக்கும். எருமை நாக்கு வேறு சாதி. பெரிய வாய், கூரிய பல், மீனைப் பிடித்தே தின்னும். 1801இல் இதற்கு விஞ்ஞானப் பெயர் வைத்தவர்கள் தரங்கம்பாடித் தமிழர் சொன்ன 'எருமெய்' என்ற சொல்லையே வைத்தார்கள்.

இவை இரண்டுக்கும் சாப்பாட்டுப் பீங்கான் கடலின் அடித்தளம்தான். இழுவை மடி அதைச் சுரண்டிக்கொண்டு போனால் நண்டு மட்டுமல்ல, அது தின்னும் மட்டியும் புழுவும் போய்விடும். இலங்கையில் அடித்தள இழுவை 2017ஆம் ஆண்டுச் சட்டத்தால் தடுக்கப்பட்டது. பாக்கு நீரிணையைத் தாண்டி வரும் இந்திய இழுவைப் படகுகளால் நம் தொழிலாளர் வலை இழந்த கதைகளை நீங்கள் அறிவீர்கள்.

ஆனால் நம் கையிலும் ஒரு குற்றம் இருக்கிறது. சினை நண்டு வயிற்று மடலின் கீழே இலட்சக்கணக்கான முட்டைகளைச் சுமக்கிறது. முட்டை முதலில் மஞ்சளாக இருக்கும். பொரிக்கப் போகும்போது குஞ்சுகளின் கண் தெரிவதால் கறுத்துவிடும். கறுத்த முட்டையோடு உயிருடன் வருவதைக் கடலில் விடச் சொன்னேன். "நீங்க விட்டா அடுத்த வாடிக்காரர் எடுப்பார் நானா" என்றார் ஒரு சம்மாட்டி. உண்மைதான். இப்போது அந்த நண்டுக்கும் கிலோக் கணக்குப் பார்த்துக் காசைக் கொடுத்துவிட்டே விடச் சொல்கிறேன். கணக்குக் கொப்பியில் அதைச் செலவாகத்தான் எழுதுகிறேன்.