பூப்பதற்கு முன் வேர்விடும் திசைகாட்டிச் செடி

வட அமெரிக்காவின் நடுப்பகுதியில் ஆள் உயரத்திற்குப் புல் வளர்ந்த பரந்த சமவெளி ஒரு காலத்தில் இருந்தது. இதனை அங்கே 'பிரெய்ரி' என்பர். அந்தப் புல்வெளிக்கே உரிய மஞ்சள் பூச்செடிகளுள் ஒன்று 'காம்பஸ் பிளான்ட்' எனப்படும் திசைகாட்டிச் செடி. சூரியகாந்திக் குடும்பத்தைச் சேர்ந்த இதன் தாவரவியல் பெயர் சில்பியம் லேசினியேட்டம். இல்லினாய், அயோவா, மிசௌரி, விஸ்கான்சின் முதலிய மாநிலங்களில் இன்று வீட்டுத் தோட்டங்களிலும் இதை வளர்க்கின்றனர். ஒருமுறை வேரூன்றிவிட்டால் பல பத்தாண்டுகள் வாழும். ஆனால் முதல் சில ஆண்டுகள் பொறுமை வேண்டும்.

இலையும் வேரும்

இதன் அடியிலைகள் ஓர் அடிக்கு மேல் நீண்டு, ஆழமாகப் பிளவுபட்டிருக்கும். இவை நிமிர்ந்து நின்று, ஓரங்கள் ஏறத்தாழ வடக்கு தெற்காகவும், தட்டையான முகங்கள் கிழக்கு மேற்காகவும் திரும்பிக்கொள்ளும். செடிக்குப் பெயர் வந்த காரணம் இதுவே. காலை வெயிலும் மாலை வெயிலும் இலையின் முகத்தில் விழும். உச்சி வெயில் ஓரத்தில் மட்டுமே படும். இதனால் இலை அதிகம் சூடேறாமல் நீர் மிச்சமாகிறது.

ஆணிவேர் சுமார் 15 அடி ஆழம் வரை இறங்கக்கூடியது. மேல்மண் காய்ந்தாலும் செடி வாடாமல் நிற்பது இதனால்தான்.

அழிந்தது எப்படி?

1837-ல் ஜான் டியர் என்ற கொல்லர் இல்லினாயில் எஃகுக் கலப்பையைச் செய்தார். புல்வேர் பின்னிய கெட்டி மண்ணைப் புரட்ட அத்தகைய கலப்பைகள் உதவின. சமவெளி மக்காச்சோள வயலாக மாறியது. உயரப் புல்வெளியில் இன்று எஞ்சியிருப்பது நூற்றுக்கு நான்கு பங்கிற்கும் குறைவு. கால்நடைகளும் இச்செடியை விரும்பித் தின்பதால், மேய்ச்சல் மிகுந்த இடங்களில் அது மறைந்தது.

விஸ்கான்சின் பல்கலைக்கழகப் பேராசிரியராக இருந்த ஆல்டோ லியோபோல்டு, 1949-ல் வெளியான தமது நூலில், நாட்டுப்புற இடுகாடு ஒன்றின் மூலையில் எஞ்சியிருந்த இச்செடியைப் பற்றி எழுதியிருக்கிறார். வேலி இருந்தவரை தப்பியிருந்த அது, வேலி அகற்றப்பட்டதும் அறுக்கப்பட்டது. இத்தகைய செடிக்கு வீட்டுத் தோட்டத்தில் கிடைக்கும் சிறு இடமும் புகலிடமே.

நிலமும் விதைப்பும்

நாள் முழுவதும் வெயில் படும், நீர் தேங்காத இடம் ஏற்றது. களிமண் கலந்த நிலத்திலும் வளரும். விதை முளைக்க ஈரமும் குளிரும் சேர்ந்து தேவை. ஆகவே இலையுதிர் காலத்தின் இறுதியில் அரை அங்குல ஆழத்தில் விதைத்தால், பனிக்காலம் கடந்து வசந்தத்தில் முளைக்கும். வசந்தத்தில் விதைப்பதானால், ஈர மணலில் கலந்து சுமார் இரண்டு மாதம் குளிர்பெட்டியில் வைத்திருந்து விதைக்க வேண்டும். செடிக்குச் செடி 2 முதல் 3 அடி இடைவெளி போதுமானது.

நிலையான இடத்திலேயே விதைப்பது நன்று. வேர் இறங்கிய பின் பெயர்த்து நட்டால் செடி பிழைப்பது அரிது.

பராமரிப்பு

முதலாண்டில் சில இலைகளே தோன்றும். செடி வளரவில்லை என்று எண்ணிப் பிடுங்கிவிடக் கூடாது. வளர்ச்சி மண்ணுக்குள் நடக்கிறது. இக்காலத்தில் களை எடுப்பதும், வறட்சியில் நீர் விடுவதும் அவசியம். விதைத்த இடத்தில் ஒரு குச்சி நட்டு அடையாளம் வைப்பது நலம்.

பூக்க மூன்று ஆண்டு முதல் ஐந்து ஆண்டோ அதற்கு மேலோ ஆகலாம். பின்னர் 6 முதல் 10 அடி உயரத் தண்டு எழுந்து, ஜூலை, ஆகஸ்டு மாதங்களில் மஞ்சள் பூக்கள் மலரும். உரம் தேவையில்லை. வளம் மிகுந்த மண்ணில் தண்டு சாய்ந்துவிடும். உயரமான நாட்டுப் புற்களை அருகில் வளர்த்தால் அவை தாங்கிக்கொள்ளும்.

பூவின் கீழ் காம்பைத் துளைத்து முறிக்கும் கூன்வண்டு சில ஆண்டுகளில் தொல்லை தரும். முறிந்து தொங்கும் பூக்களிலும் உதிர்ந்த பூக்களிலும் அதன் புழுக்கள் வளரும். அவற்றைத் திரட்டி அழித்துவிட வேண்டும்.

விதை சேகரிப்பு

சூரியகாந்தியில் நடுவட்டத்தில் விதை பிடிக்கும். இதில் ஓரத்து இதழ்ப்பூக்களில் மட்டுமே விதை பிடிக்கும். பூத்தலை பழுப்பாகிக் காய்ந்ததும் விதைகளைப் பறிக்கலாம். 'கோல்ட்பிஞ்ச்' எனும் சிறு மஞ்சள் குருவிகளும் இவ்விதையைத் தேடி வரும். அவற்றுக்கும் சில தலைகளை விட்டுவைக்கலாம்.

காட்டில் எஞ்சிய செடிகளைத் தோண்டி எடுத்தல் கூடாது. தோண்டினால் வேர் அறுந்து, அங்குமின்றித் தோட்டத்திலுமின்றிப் போகும். அந்தந்த வட்டாரத்து விதையை நாற்றுப்பண்ணையில் வாங்கி விதைப்பதே முறை.