பார்க்க வருபவர்களின் ஊர், குடியிருப்பவர்களின் ஊர்

புதுக்கோட்டையிலிருந்து இலுப்பூர் போகும் சாலையில் அன்னவாசலுக்குச் சற்று முன்னால் இறங்கும் வெளியூர்க்காரர்களில் பெரும்பாலோர் சித்தன்னவாசலைப் பார்க்க வந்தவர்கள். குன்றேறி ஏழடிப்பட்டம் என்னும் குகையின் கற்படுக்கைகளைப் பார்க்கிறார்கள், அறிவர் கோயில் விதானத்தில் தீட்டிய தாமரைக் குளத்தை அண்ணாந்து பார்க்கிறார்கள், வந்த வழியே திரும்பிவிடுகிறார்கள். பக்கத்திலேயே அன்னவாசல் என்றொரு பேரூர் இருக்கிறது. அங்கே கண்மாய்க்குத் தண்ணீர் வந்ததா என்று கவலைப்படுகிறவர்களும் கடை திறக்கிறவர்களும் பள்ளிக்கு ஓடுகிற பிள்ளைகளும் இருக்கிறார்கள். ஓர் இடம் சுற்றுலாத் தலமாகிவிட்டால், அதைப் பற்றி எழுதுகிறவர்களும் சுற்றுலாப் பயணியின் கண்ணையே கடன் வாங்கிக்கொள்கிறார்கள். மலையாயிருந்தாலும் கடற்கரையாயிருந்தாலும் இதுதான் நிலைமை. அங்கே குடியிருப்பவர்களின் உழைப்பையும் வழக்குகளையும் சான்றாகக் கொள்ளாத வரையில், எவ்வளவு கனமான நூலாக இருந்தாலும் அது அந்த ஊரின் பாதி வரலாறுதான்.

இதனால் பழைய நூல்களைக் குறைத்துச் சொல்வதாகாது. தமிழ்நாட்டில் புதுக்கோட்டை அளவுக்கு நூல்கள் வாய்த்த வட்டாரங்கள் குறைவு. எஸ். ராதாகிருஷ்ண ஐயர் 1916-இல் வெளியிட்ட சமஸ்தான வரலாற்றில் சித்தன்னவாசல் இடம்பெற்றது. 1920-ஐ ஒட்டி கோபிநாத ராவும் ழுவோ துப்ரேயும் ஓவியங்களை அறிஞர் உலகின் கவனத்துக்குக் கொண்டுவந்தார்கள். 1929-இல் சமஸ்தானத்துக் கல்வெட்டுகள் அரச மரபுகளின் வரிசையில் தொகுக்கப்பட்டன. கே. ஆர். வேங்கடராம ஐயரின் சமஸ்தானக் கையேடு 1938-இலிருந்து 1944 வரை பகுதி பகுதியாக வந்தது. வேளாண்மை, நீர்ப்பாசனம், குடிமக்கள் என்று அது அக்கறையோடு விரிந்த நூல். ஆனாலும் சித்தன்னவாசலைப் பற்றி அறிஞர்கள் அதிகம் விவாதித்த கேள்வி ஒன்றே: ஓவியம் எந்த அரசன் காலத்தது? முதலில் மகேந்திரவர்ம பல்லவன் என்றார்கள். மதுரை ஆசிரியர் இளங்கௌதமன் இக்கோயிலைப் புதுப்பித்து முகமண்டபம் எடுத்த செய்தியைச் சொல்லும் கல்வெட்டைக் கொண்டு, ஒன்பதாம் நூற்றாண்டுப் பாண்டியன் ஸ்ரீமாறன் ஸ்ரீவல்லபன் காலத்துக்குப் பிறகு வந்தார்கள். தேவையான ஆராய்ச்சிதான் இது. ஆனால் அரசனை மட்டும் தேடினால் ஊர் சில நூற்றாண்டுகளுக்கு ஒருமுறை விழித்து, அடுத்த அரசன் வரும்வரை தூங்குவதுபோலத் தோன்றும். உண்மையில் எந்த நூற்றாண்டிலும் அங்கே யாரோ உழுதுகொண்டுதான் இருந்தார்கள்.

அந்த யாரோ ஒருவரைப் பற்றிய தடயம் அதே குன்றில் இருக்கிறது. ஏழடிப்பட்டத்தில் 17 படுக்கைகள். அவற்றில் ஒன்றில் உள்ள பழைய தமிழ் பிராமிக் கல்வெட்டு, துறவி ஒருவர் பிறந்த நாட்டையும் ஊரையும் சொல்லி, அவருக்கு இருக்கை செய்து கொடுத்தவர்களையும் பெயரிட்டுச் சொல்கிறது. அதில் அரசன் பெயர் இல்லை. விதானத்து ஓவியத்தில் மீனும் எருமையும் யானையும் அன்னமும் நீரில் இருக்க, பூப்பறிக்கும் ஆட்கள் குளத்துக்குள் இறங்கி நிற்கிறார்கள். சமண சமயத்தில் அந்தக் காட்சிக்குத் தனிப்பொருள் உண்டு. ஆனாலும் வானம் பார்த்த இந்தப் பூமியில் குளத்தை உற்றுப் பார்க்காத எவராலும் அப்படித் தீட்டியிருக்க முடியாது. புதுக்கோட்டை வட்டாரத்துக் கண்மாய்களின் குமிழித் தூம்புகளிலும் கல்வெட்டுகள் கிடைத்திருக்கின்றன. தூம்பு அமைத்துக் கொடுத்தவரின் பெயரை அவை சொல்கின்றன. ஒரு கண்மாயின் கரை, மடை, கலிங்கு ஆகியவற்றைப் பின்தொடர்ந்தால் தண்ணீரை யார் பங்கிட்டார்கள், யாருக்குக் கடைசியாகக் கிடைத்தது, யார் கரை போட்டார்கள் என்ற கேள்விகள் தாமாக எழும். கோயிலைக் காலக்கணிப்புச் செய்ய உதவும் அதே கல்வெட்டியல், ஊரின் அன்றாடத்தைச் சொல்லவும் உதவும். கேட்கும் கேள்வியை மாற்ற வேண்டும், அவ்வளவுதான்.

கேள்வி மாறினால் நூல் எப்படி மாறும் என்பதற்கு இங்கிலாந்தின் கடற்கரை ஊரொன்று நல்ல எடுத்துக்காட்டு. லங்காஷயரின் பருத்தி ஆலைகள் கோடையில் ஊருக்கு ஊர் முறைவைத்து விடுமுறை விட, தொழிலாளர்கள் ரயிலேறி பிளாக்பூல் கடற்கரைக்குக் குவிந்தார்கள். அந்த ஊரைப் பற்றி எழுத வந்தவர் கோபுரத்தையும் கடற்பாலத்தையும் வருணித்துவிட்டு நிறுத்தியிருக்கலாம். ஆனால் வரலாற்றாசிரியர் ஜான் வால்டன் 1978-இல் எழுதிய நூலின் நாயகிகள், வந்தவர்களுக்கு அறை வாடகைக்கு விட்டுச் சமைத்துப் போட்ட வீட்டுக்காரப் பெண்கள். ஊரை நடத்தியது அவர்களின் அடுப்படியும் கணக்குப் புத்தகமும்தான் என்று காட்டியதால், வந்து போன கூட்டத்தின் வரலாறும் அந்நூலில் கூடுதல் தெளிவு பெற்றது. அதே ஆசிரியர் 1983-இல் இங்கிலாந்துக் கடற்கரை உல்லாச ஊர்களின் சமூக வரலாற்றை எழுதியபோதும், யார் நிலம் விற்றார், யார் கூலிக்கு உழைத்தார், யாருக்கு வருமானம் போயிற்று என்பவையே முதுகெலும்பாயின.

நம் கடற்கரையில் இந்த வேலையின் பெரும்பங்கை வரலாற்றாசிரியர்களுக்கு முன்பே நாவலாசிரியர்கள் செய்துவிட்டார்கள். மணப்பாட்டுக்கு இன்று தேவாலயத்தையும் அலைகளையும் காண ஆட்கள் வருகிறார்கள். வண்ணநிலவனின் ‘கடல்புரத்தில்’ 1977-இலேயே அத்தகைய கரையில் வல்லத்துக்கும் லாஞ்சிக்கும் மூண்ட பகையை, ஒரு குடும்பத்தின் சரிவாகக் காட்டியது. தோப்பில் முஹம்மது மீரானின் ‘ஒரு கடலோர கிராமத்தின் கதை’ 1988-இல் நூலாக வந்து, தேங்காய்ப்பட்டணத்துச் செல்வர் வீட்டு அதிகாரத்தையும் அதற்குக் கீழே நசுங்கியவர்களையும் பேசியது. ஜோ டி குருஸின் ‘ஆழி சூழ் உலகு’ 2004-இலும், சாகித்ய அகாதமி விருது பெற்ற ‘கொற்கை’ 2009-இலும் வந்தன. பரதவர் வாழ்வின் பல தலைமுறைகளை அவை கடலின் உள்ளிருந்து சொன்னவை. மறுபுறம் மாமல்லபுரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 1984-இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்த அந்த ஊரைப் பற்றிய வழிகாட்டி நூல்களில் பல்லவனுக்கே பெரும்பகுதி ஒதுக்கப்படும். அங்கே 1957-இல் சிற்பப் பயிற்சிப் பள்ளி தொடங்கியது, அதன்பின் தெருத்தெருவாகச் சிற்பக்கூடங்கள் பெருகியது, கோயிலை ஒட்டி வலை காயப்போடும் மீனவர் குப்பம் எல்லாம் ஒரு பத்திக்குள் அடங்கிவிடும். இன்று அந்த ஊரில் உளிச்சத்தம் கேட்பது இந்தப் பிற்காலக் கதையால்தான்.

நாவலை வரலாறு என்று கொள்ளலாமா என்று கேட்பார்கள். கொள்ளக்கூடாது. கற்பனைக்கு உரிமை உண்டு, அதற்கு அடிக்குறிப்பு கிடையாது. ஆனால் எந்தெந்த இடத்தில் தேட வேண்டும் என்பதை நாவல் காட்டிக்கொடுக்கும். அடுத்த மறுப்பு இதைவிட வலுவானது: சாதாரண மக்கள் ஆவணம் விட்டுச்செல்வதில்லையே, எதை வைத்து எழுதுவது? பிரான்ஸில் பைரனீஸ் மலையடிவாரத்துச் சிற்றூரான மோந்தாயு பற்றி இம்மானுவேல் லெ ருவா லதூரி 1975-இல் எழுதிய நூல் இதற்குப் பதில். 1318-க்கும் 1325-க்கும் இடையே மதவிரோதிகளைத் தேடி ஒரு ஆயர் நடத்திய விசாரணைப் பதிவேடுதான் அவருடைய மூலம். குற்றம் கண்டுபிடிக்க எழுதியதிலிருந்து ஆடு மேய்த்தவர்களின் நட்பையும் அடுப்படிப் பேச்சையும் அவர் மீட்டெடுத்தார். புதுக்கோட்டையிலும் இப்படிப்பட்ட குவியல் உண்டு. திவான் சேஷையா சாஸ்திரி காலத்தில், 1888-இல், இனாம் நிலங்களுக்குத் தீர்வு செய்தபோது எந்த ஊரில் யார், எந்தப் பணிக்காக எந்த நிலத்தை அனுபவித்தார் என்று எழுதிவைத்தார்கள். அத்தகைய ஆவணங்களையும் நேரில் கேட்டறிந்தவற்றையும் கொண்டு நிக்கோலஸ் டர்க்ஸ் 1987-இல் புதுக்கோட்டை அரசைப் பற்றிய நூலை எழுதினார். கோயில் முதல்மரியாதையும் மானியமும் ஊருக்குள் அதிகாரத்தை எப்படிப் பங்கிட்டன என்பது அதில் தெரிந்தது. வரி வாங்க எழுதிய ஏட்டிலும் வாழ்க்கை சிக்கிக்கொண்டுதான் இருக்கும்.

எனக்கு உண்மையிலேயே தயக்கம் தரும் மறுப்பு வேறு. ஊர்க்காரர்கள் ஊர் வரலாற்றை எழுதத் தொடங்கினால் அது பல நேரம் ஒரு சாதியின் பெருமைப் புராணமாகவோ, ஒரு குடும்பத்தின் கொடை வரிசையாகவோ முடிகிறது. ஆண்ட பரம்பரைக் கதைகள் அச்சேறும் வேகத்தில், கண்மாய்த் தண்ணீர் மறுக்கப்பட்டவரின் கதை அச்சேறுவதில்லை. இதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் இதற்கு மருந்து, ஊர்க்காரர்களை எழுதவிடாமல் செய்வதல்ல. ஒரு செய்தியை ஒரு தெருவில் மட்டும் கேட்காமல் எல்லாத் தெருவிலும் கேட்பது, சொல்லக்கேட்டதை நில ஆவணத்தோடும் கல்வெட்டோடும் ஒத்துப் பார்ப்பது, ஒவ்வாத இடத்தில் இரண்டையும் பதிவது ஆகிய மூன்றும் கட்டாயம். பெண்களிடம் கேட்காத ஊர் வரலாறு சந்தேகத்துக்குரியது. வெளியூர் அறிஞருக்கு மொழியும் நாளும் தடையாக இருந்தால், உள்ளூர்க்காரருக்கு உறவும் பகையும் தடை. ஆகவே இரண்டு தரப்பும் சேர்ந்து எழுதிய நூலே நம்பகமானதாக இருக்கும்.

வந்து போகிறவர்களுக்கு 20 பக்க வழிகாட்டி போதாதா என்பாரும் உண்டு. வருகிறவர்களுக்குப் போதும். ஆனால் ஒரு தலத்தைப் பற்றிய முடிவுகளை எடுக்கும்போது அந்தச் சிறுநூலையே வைத்துக்கொள்வதுதான் சிக்கல். தொல்லியல் சின்னங்கள் குறித்து 2010-இல் திருத்தப்பட்ட மத்தியச் சட்டம், பாதுகாக்கப்பட்ட சின்னத்தைச் சுற்றி 100 மீட்டருக்குள் புதுக் கட்டுமானத்தைத் தடைசெய்து, அதற்கு அப்பால் 200 மீட்டரை முன் அனுமதிக்கு உட்பட்டதாக ஆக்கியது. சின்னத்தைக் காக்க இது வேண்டியதே. அதே சமயம், அந்த எல்லைக்குள் வீடு இருப்பவர் ஓர் அறை சேர்த்துக் கட்டவும் இது தடையாகிறது. அவருக்கு இந்த மண்ணோடு உள்ள உறவு எந்த நூலிலும் இல்லையென்றால், அலுவலகத்தில் அவர் ஆக்கிரமிப்பாளராகவே தெரிவார். பூங்கா எங்கே அமையலாம், கல்குவாரிக்கு எல்லை எது, கடைகள் யாருக்கு என்பனவும் இப்படித்தான். வரலாறு எழுதப்படாத தரப்பு பேச்சுவார்த்தையில் வெறுங்கையோடு உட்கார வேண்டியிருக்கிறது.

ஆகவே அன்னவாசலுக்கு எழுத வேண்டிய நூலை இப்படி வரையறுக்கலாம். சமணக் குன்றும், குடுமியான்மலையின் இசைக் கல்வெட்டும், நார்த்தாமலைக் கோயில்களும் அதில் இருக்கட்டும். ஆனால் அவை கண்மாய்களும் நிலவுரிமையும் சந்தையும் பல சமய வழிபாடும் 1948-இல் சமஸ்தானம் இந்தியாவோடு இணைந்தபின் வந்த மாற்றங்களும் நிறைந்த ஒரே கதையின் பகுதிகளாக வர வேண்டும். கற்படுக்கையைச் செய்து கொடுத்தவர்களுக்குப் பெயர் இருந்ததுபோல, தூர்வாரியவர்களுக்கும் கல் உடைத்தவர்களுக்கும் அதில் பெயர் இருக்க வேண்டும். பார்க்க வருகிறவர் அதைப் படித்தால் ஓவியம் தெளிவாகத் தெரியும். ஊர்க்காரர் படித்தால், தம் ஊரைப் பற்றிய முடிவுகளில் பேசுவதற்குச் சான்று கையில் இருக்கும். இந்த இரண்டாவது பயனுக்காகவே அந்த நூலை எழுத வேண்டும்.