கெண்டல் குடும்பத்து மூத்த மகள்

பிழைப்பை நாடிப் பிறமொழி வழங்கும் நாட்டிற்குச் செல்வோர் பெரும்பாலும் தம் கையுழைப்பையோ எழுத்தறிவையோ கொண்டு செல்வர். பஞ்சாலைக்கும் இரயில்வேக்கும் வந்து ஸ்ரீராம்புரத்தில் குடியேறிய நம் முன்னோர் அவ்வாறு வந்தவர்களே. தம் மொழியின் நாடகங்களையே மூட்டையாகக் கட்டிக்கொண்டு, அவற்றை ஆடியே உண்போம் என்று கடல் கடந்து வந்தவர் மிகச் சிலர். அத்தகைய குடும்பம் ஒன்றின் மூத்த மகளைப் பற்றி இத்திங்கள் எழுத விழைகிறோம்.

ஆங்கில நடிகை என்றதும் நம் இல்லத்து இளைஞர்க்கு ஏமி ஜாக்சன் நினைவிற்கு வருவார். 2010ஆம் ஆண்டு வெளிவந்த ‘மதராசபட்டினம்’ படத்தில் துரைமார் வீட்டுப் பெண்ணாகத் தோன்றி, சலவைத் தொழிலாளியாக நடித்த ஆர்யாவின்மேல் காதல் கொண்ட அவரைத் தமிழ் மக்கள் உவந்து ஏற்றனர். ‘ஐ’, ‘தெறி’, ‘2.0’ எனப் படங்கள் தொடர்ந்தன. அவர் விமானத்தில் வந்து, படம் முடிந்ததும் விமானத்தில் திரும்பும் காலத்தவர். நாம் கூறப்போகும் ஜெனிஃபர் கெண்டல் அம்மையாரோ இரயிலில் ஊர் ஊராக அலைந்து, இந்நாட்டிலேயே மருமகளாகி நிலைத்தவர்.

ஜெனிஃபர் 1933ஆம் ஆண்டு பிப்ரவரி 28ஆம் நாள் இங்கிலாந்தின் சவுத்போர்ட் நகரில் பிறந்தார். தந்தை ஜெஃப்ரி கெண்டல், தாய் லாரா, இருவரும் நடிகர்கள். ‘கெண்டல்’ என்பது தந்தையாரின் குடும்பப் பெயரன்று. தாம் பிறந்த ஊரின் பெயரையே மேடைக்குச் சூட்டிக்கொண்டவர் அவர். ஊர்ப் பெயரைத் தம் பெயருக்கு முன் இடும் நமக்கு இது புதுமையாகத் தோன்றாது.

ஜெஃப்ரி முதன்முதலில் 1944இல், போர்க்காலத்தில் படைவீரர்களுக்கு நாடகம் காட்ட இந்தியா வந்தார். இந்நாடு அவர் மனத்தைப் பற்றிக்கொண்டது. 1947இல் ‘ஷேக்ஸ்பியரானா’ என்னும் குழுவுடன் மீண்டும் வந்தார். வெள்ளையர் மூட்டை கட்டிக்கொண்டு கப்பலேறிய அவ்வாண்டில் ஒரு வெள்ளையர் நாடகக் குழுவுடன் இறங்கியது வேடிக்கையே! பள்ளிகளிலும் அரண்மனைகளிலும் நகர அரங்குகளிலும் ஷேக்ஸ்பியர் நாடகங்களை ஆடினர். குழுவில் ஆங்கிலேயர் மட்டும் இருந்தனர் என எண்ணவேண்டா. பின்னாளில் வங்க நாடக உலகில் பெரும்புகழ் பெற்ற உத்பல் தத் இக்குழுவில் நடித்துப் பயின்றவர். 1953 முதல் 1956 வரையிலான காலத்தில் மட்டும் இக்குழு 800க்கு மேற்பட்ட முறை மேடையேறியது.

இரயில்வேயில் எழுத்தராக இருக்கும் எமக்கு இவ்வெண்ணிக்கை வேறொரு வகையில் வியப்பளிக்கிறது. ஓர் ஊரில் ஆடி முடித்த இரவே உடைப் பெட்டிகளையும் வாள்களையும் திரைச்சீலைகளையும் கட்டி, நிலையம் சேர்த்து, எடை போட்டு, இரசீது பெற்று, வண்டியில் ஏற்றவேண்டும். அடுத்த ஊரில் பெட்டி இறங்கவில்லையெனில் டென்மார்க் இளவரசன் வேட்டி கட்டிக்கொண்டுதான் மேடையேற வேண்டும். இத்தொல்லையை மூன்றாண்டுக்கு மேல் தாங்கியவர்களைப் பார்சல் ஆபீஸ் அறிந்த எவரும் மதிக்காமல் இரார்.

இவ்வாறு அலைந்த வீட்டில்தான் ஜெனிஃபரும், அவருக்குப் பதின்மூன்று ஆண்டு இளையவரான தங்கை ஃபெலிசிட்டியும் வளர்ந்தனர். மூத்தவர் குழுவின் முதன்மை நடிகையானார். 1956இல் கல்கத்தாவில் அவரைக் கண்டு மனத்தைப் பறிகொடுத்தவர், பிருத்விராஜ் கபூரின் இளைய மகன் சசி கபூர். அவருக்கு வயது 18, ஜெனிஃபருக்கு 23. சசி கபூரும் நாடகக் குடும்பத்தவரே. அவர் தந்தையார் 1944இல் தொடங்கிய பிருத்வி தியேட்டர்ஸ் என்னும் குழுவும் இரயிலேறி நாடு முழுவதும் சுற்றிய குழுதான். இரு வீட்டிற்கும் தொழில் ஒன்று. மொழியும் நிறமும் மட்டுமே வேறு. பின்னர் சசி ஷேக்ஸ்பியரானாவிலும் சேர்ந்து நடித்தார்.

பெண்ணைப் பெற்ற ஜெஃப்ரி இத்திருமணத்தை விரும்பவில்லை. அவர் தயக்கத்தை நிறவேற்றுமை என்று மட்டும் கொள்வது பொருந்தாது என்பது எம் கருத்து. முதன்மை நடிகை போய்விட்டால் குழு என்னாகும் என்ற கவலை ஒரு குழுத் தலைவருக்கு இராமற்போகுமா? எதிர்ப்பைக் கடந்து 1958ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில் மணம் நடந்தேறியது. குனால், கரண், சஞ்சனா என மூன்று மக்கள் பிறந்தனர். கபூர் குடும்பத்தில் ஆங்கில மருமகள் என்பது அக்காலத்தில் சிறு செய்தியன்று.

இதற்கிடையில் காலம் மாறியது. ஆங்கில நாடகத்தை வரவேற்ற அரசர்களின் ஆட்சி மறைந்தது. மக்கள் மனத்தைச் சினிமா கைப்பற்றியது. இம்மாற்றத்தைப் பொருளாகக் கொண்டே ஜேம்ஸ் ஐவரி 1965இல் ‘ஷேக்ஸ்பியர் வாலா’ என்ற படத்தை எடுத்தார். கெண்டல் குடும்பத்தார் ஏறத்தாழத் தம்மையே நடித்தனர். தங்கை ஃபெலிசிட்டி கதைத்தலைவி. சசி கபூர் தலைவன். இசை சத்யஜித் ராய். ஜெனிஃபர் அதில் மிகச் சிறிய வேடத்தில் வந்து போகிறார். நாடகம் நடக்கும்போதே சினிமா நடிகை ஒருத்தி அரங்கினுள் நுழைய, கூட்டம் மேடையை மறந்து அவளை மொய்க்கும் காட்சி அப்படத்தில் உண்டு. நம் தெருக்களில் ஆடித் திருவிழா நாடகங்களை மெல்லிசைக் கச்சேரிகள் அகற்றியதைக் கண்டவர்க்கு அக்காட்சி நெஞ்சைத் தொடும்.

படத்தின் இறுதியில் அப்பெண் இங்கிலாந்திற்குக் கப்பலேறுகிறாள். ஃபெலிசிட்டியும் அவ்வாறே, இருபது வயது நிரம்புமுன், தந்தையின் மனவருத்தத்தையும் பொருட்படுத்தாது தாயகம் சென்றார். அங்கே தொடக்கத்தில் வாய்ப்பின்றித் துன்புற்று, 1975இல் தொடங்கிய ‘தி குட் லைஃப்’ என்னும் பி.பி.சி. தொலைக்காட்சித் தொடரால் வீட்டுக்கு வீடு அறிந்த நடிகையானார். ஒரு வயிற்றுப் பிள்ளைகளில் ஒருவர் வந்த நாட்டில் வேரூன்ற, மற்றவர் பெற்றோரின் நாட்டிற்குத் திரும்புவது புலம்பெயர்ந்தோர் வீடுகளில் நாம் காணாததன்று. யார் செய்தது சரி என்று கேட்டால் எவரும் விடை சொல்லார். எனினும் இருந்தவருக்கே வேலை கடினமாயிற்று எனத் தோன்றுகிறது. இங்கிலாந்தில் ஆங்கில நடிகைக்கு ஆயிரம் வேடம் உண்டு. பம்பாயில் ஆங்கிலம் பேசும் வேடம் ஆண்டுக்கு ஒன்று வருவதும் அரிது.

வந்த சிலவற்றை ஜெனிஃபர் வீணாக்கவில்லை. 1970இல் ‘பம்பாய் டாக்கி’. பின்னர் சியாம் பெனகல் இயக்க, கணவரே தயாரித்த ‘ஜுனூன்’. 1857ஆம் ஆண்டுக் கலகத்தில் சிக்கி, மகளுடன் ஒளிந்து வாழும் தாயாக அதில் நடித்தார். ஆனால் அவர் பெயரை நிலைநிறுத்தியது 1981இல் வந்த ‘36 சௌரிங்கி லேன்’. இதையும் சசி கபூரே தயாரித்தார். அபர்ணா சென் இயக்கிய முதற்படம் இது. கல்கத்தாவில் தனித்து வாழும் ஆங்கிலோ இந்திய ஆசிரியை வயலட் ஸ்டோன்ஹாம். பள்ளியில் ஷேக்ஸ்பியர் கற்பிக்கிறாள். உறவினர் ஒவ்வொருவராக வெளிநாடு செல்கின்றனர். அண்ணன் முதியோர் இல்லத்தில் இருக்கிறார். அவளுக்குத் துணை ஒரு பூனையே. பழைய மாணவி ஒருத்தி காதலனுடன் வந்து பழகுகிறாள். கிழவியின் உள்ளம் மலர்கிறது. அவர்களுக்கு வேண்டியிருந்ததோ அவள் பள்ளி சென்ற நேரத்தில் ஒதுங்க ஓர் அறை மட்டுமே. மணம் முடிந்தபின் அவளை ஒதுக்கிவிடுகின்றனர்.

ஐம்பது வயதும் ஆகாத ஜெனிஃபர் அம்முதுமையைத் தம் நடையிலும் தோளிலும் கொணர்ந்த வகை வியக்கத்தக்கது. அழுது புலம்பும் காட்சி இல்லை. நம் படங்களில் தனித்த கிழவி என்றால் வயலின் ஒலிக்கத் தொடங்கிவிடும். இங்கு அவள் மாடிப்படி ஏறுகிறாள், அவ்வளவே. முதியோர் இல்லத்து அண்ணனாக நடித்தவர் ஜெஃப்ரி கெண்டல். இளமைக்கால வயலட்டாக வந்தவர் மகள் சஞ்சனா. இப்படத்திற்காக அபர்ணா சென் சிறந்த இயக்குநருக்கான தேசிய விருது பெற்றார். ஜெனிஃபர் பெயர் பிரிட்டிஷ் திரைப்பட அகாதமியின் சிறந்த நடிகை விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டது. விருதைப் பெற்றவர் காதரின் ஹெப்பர்ன். இந்நாட்டின் சிறந்த நடிகை விருது அவ்வாண்டு ‘உம்ராவ் ஜான்’ படத்திற்காக ரேகாவுக்குச் சென்றது.

திரையைவிட அம்மையாரின் பெருந்தொண்டாக நாம் கருதுவது பம்பாய் ஜுஹுவில் எழுந்த பிருத்வி தியேட்டர். மாமனார் பிருத்விராஜ் 1972இல் காலமானார். அவர் நினைவாகக் கணவருடன் சேர்ந்து 1978ஆம் ஆண்டு நவம்பர் 5ஆம் நாள் அரங்கைத் திறந்தார். ஏறக்குறைய 200 இருக்கைகளே. மேடையின் மூன்று புறமும் மக்கள். நடிகரின் வியர்வை கண்ணுக்குத் தெரியும். பெரிய கொட்டகையை வாடகைக்கு எடுக்க இயலாத சிறு குழுக்கள் ஆடுவதற்கென்றே அமைந்தது அது. ஷேக்ஸ்பியரை ஆடிப் பிழைத்த குடும்பத்துப் பெண் நிர்வகித்த அரங்கில் இந்தி நாடகங்களே முதன்மை பெற்றன என்பதை வாசகர் கருதவேண்டும். வாழ வந்த நாட்டின் மொழிக்கு அவர் ஆற்றியது அது. நம் பெங்களூரில் சங்கர் நாக் நினைவாக அருந்ததி நாக் 2004இல் திறந்த ரங்க சங்கரா அரங்கும் இவ்வகையைச் சேர்ந்ததே, ஜே.பி. நகர் சென்று ஒருமுறை காண்பது நன்று.

புற்றுநோய் ஜெனிஃபரைப் பற்றியது. 1984ஆம் ஆண்டு செப்டம்பர் 7ஆம் நாள் இலண்டனில் காலமானார்; வயது 51. சசி கபூர் மறுமணம் செய்துகொள்ளவில்லை. 2017ஆம் ஆண்டு டிசம்பரில் மறைந்தார். ஜெஃப்ரி மகளுக்குப்பின் பதினான்கு ஆண்டுகள் வாழ்ந்து 1998இல் மறைந்தார். பிருத்வி அரங்கை மக்கள் குனாலும் சஞ்சனாவும் நடத்தினர். அங்கே பிப்ரவரி 28ஆம் நாள், ஜெனிஃபரின் பிறந்தநாளில், தபலா மேதை ஜாகிர் உசேன் அவர் நினைவாக ஆண்டுதோறும் வாசித்து வந்தார். அவரும் 2024ஆம் ஆண்டு டிசம்பரில் மறைந்தார்.