மூச்சும் முப்பது நொடியும்

விளையாட்டு என்பது ஆடுகளத்தில் நடப்பது. தொலைக்காட்சி அதைத் தொலைவில் இருப்போர்க்குக் காட்டுவது. நம்மில் பலர் இப்படித்தான் எண்ணுகிறோம். தொழில்முறைப் பந்தயங்களைப் பொறுத்தவரை இது பாதி உண்மையே. அங்கே ஆட்டத்தின் நேரம், விதி, ஆடும் ஊர், ஆடுவோரின் கூலி ஆகிய அனைத்திலும் தொலைக்காட்சியின் கை இருக்கிறது. நாம் சிறு வயதில் தெருப்புழுதியில் ஆடிய சடுகுடுவையே சான்றாகக் கொண்டு இதனை விளக்க விரும்புகிறேன்.

முதலில் சற்று அயல்நாடு சென்று வருவோம். அமெரிக்க மக்கள் பெரிதும் விரும்பும் ஆட்டம் பேஸ்பால். 1939ஆம் ஆண்டு ஆகஸ்ட் 26ஆம் நாள், நியூயார்க் நகரத்துப் புரூக்ளின் பகுதியில் புரூக்ளின் டாட்ஜர்ஸ் அணியும் சின்சினாட்டி ரெட்ஸ் அணியும் மோதின. அந்நாட்டுத் தொழில்முறைப் பேஸ்பால் ஆட்டம் தொலைக்காட்சியில் வந்தது அன்றுதான் முதன்முறை. இரண்டே படப்பொறிகள் அதற்குப் பயன்பட்டன. 1947இல் அந்த ஆட்டத்தின் உச்சமான ‘வேர்ல்ட் சீரீஸ்’ பந்தயமும் தொலைக்காட்சிக்கு வந்தது. நகரத்தின் பெயரில் ஓர் அணி. கூலி பெற்று ஆடும் வீரர்கள். பல மாதங்கள் நீளும் முதற்சுற்று. அதில் தேறிய சில அணிகளுக்குள் இறுதிப் போராட்டம். பருவம் என்று அவர்கள் சொல்வது இந்த ஒழுங்கைத்தான்.

அந்த அச்சிலே நம் சடுகுடுவை வார்த்தெடுத்ததே ‘புரோ கபடி லீக்’. ஆனந்த் மகிந்திராவும், வருணனையாளர் சாரு சர்மாவும் தொடங்கிய மஷால் ஸ்போர்ட்ஸ் நிறுவனம் அதனை 2014 ஜூலை 26இல் எட்டு அணிகளுடன் அரங்கேற்றியது. ஸ்டார் தொலைக்காட்சி அதனை ஒளிபரப்பியது. முதற்பருவத்தை 43.5 கோடிப் பேர் பார்த்ததாகக் கணக்கு வெளிவந்தது. அடுத்த ஆண்டே ஸ்டார் நிறுவனம் மஷால் ஸ்போர்ட்ஸின் 74 விழுக்காட்டுப் பங்கை வாங்கிற்று. இதன் பொருள் என்ன? ஆட்டத்தைக் காட்டுகிறவரே ஆட்டத்தை நடத்துகிறவரும் ஆனார்!

இனி, விதிகளைப் பாருங்கள். பழைய சடுகுடுவில் மூச்சே கடிகாரம். பாடிச் செல்பவன் எதிரியின் களத்தில் எவ்வளவு நேரம் நிற்கலாம் என்பதை அவன் நெஞ்சே அறுதியிடும். தொழில்முறைப் பந்தயத்தில் அதற்கு முப்பது நொடி என்று எல்லை கட்டினார்கள். பாட்டு இன்றும் உண்டு. ஆனால் நேரத்தைச் சொல்வது மூச்சன்று, திரையின் மூலையில் ஓடும் எண். அடுத்தடுத்து இரு முறை பாடிச் சென்றும் ஓர் அணி புள்ளியின்றித் திரும்பினால், மூன்றாம் முறை செல்பவன் புள்ளி எடுத்தே ஆகவேண்டும். இல்லையேல் அவன் வெளியேற வேண்டும். ‘டூ ஆர் டை’ என்று வருணனையாளர் கூவுவது இதையே. களத்தில் மூவரோ அதற்கும் குறைவாகவோ எஞ்சியிருக்கையில், பாடி வந்தவனைப் பிடித்துவிட்டால் ஒன்றுக்குப் பதில் இரண்டு புள்ளி. இதன் பெயர் ‘சூப்பர் டேக்கிள்’.

இவற்றின் நோக்கம் வெளிப்படை. சும்மா சென்று சும்மா திரும்பும் ஆட்டத்தைப் பார்ப்பவர் வேறு நிகழ்ச்சிக்குத் தாவிவிடுவார். ஆகவே ஒவ்வொரு முப்பது நொடியிலும் ஏதேனும் நிகழ வேண்டும். தோற்கும் அணிக்கும் மீள வழி இருக்க வேண்டும். இருபது இருபது நிமிடமாக இரு பாதிகள், இடையிலே சிற்றோய்வு. ஒரு மணி நேரத்திற்குள் ஓர் ஆட்டம் முடிந்துவிடும். இரவு எட்டு மணிக்கு ஒன்று, ஒன்பது மணிக்கு மற்றொன்று என்று, வீடுகளில் உணவு வேளைக்குப் பொருந்துமாறு அமைத்தார்கள்.

பருவத்தின் அமைப்பை விளக்க, ஆறாம் பருவத்தைக் காட்டுகிறேன். அது 2018 அக்டோபர் 7இல் சென்னையில் தொடங்கியது. அன்று தமிழ் தலைவாஸ் அணி பாட்னா பைரேட்ஸ் அணியை 42–26 என்று வீழ்த்திற்று. பன்னிரண்டு அணிகள் இரு பிரிவுகளாக நின்றன. ஒவ்வோர் அணிக்கும் முதற்சுற்றில் 22 ஆட்டங்கள். ஒவ்வொரு பிரிவிலும் முதல் மூன்று அணிகளே மேலே செல்லும். நல்ல தொடக்கம் பெற்ற தமிழ் தலைவாஸ் தன் பிரிவில் கடைசி இடம் பெற்று நின்றுவிட்டது. அதே பிரிவில் முதலிடம் பெற்றது பெங்களூரு புல்ஸ்! நீண்ட பருவத்தின் இயல்பு இதுதான். முதல் நாள் வெற்றியை அது பெரிதாகக் கொள்வதில்லை.

இறுதி ஆட்டம் 2019 ஜனவரி 5, சனிக்கிழமை, மும்பையில். எதிரணி குஜராத் ஃபார்ச்சூன்ஜயன்ட்ஸ். நான் அப்போது பள்ளி மாணவன். பொம்மனஹள்ளியில் எங்கள் தெருமுனைத் தேநீர்க் கடையில் நின்று அதைப் பார்த்தேன். ஆயத்த ஆடை ஆலைகளில் பணி முடித்து வந்தவர்கள் அங்கே கூடியிருந்தார்கள். தருமபுரித் தமிழும் மண்டியாக் கன்னடமும் ஒடியாவும் ஒரே பெஞ்சில் கலந்தன. பாதி ஆட்டம் முடிந்தபோது குஜராத் 16, பெங்களூரு 9. கடைக்காரர் பாலை இறக்கிவைத்துவிட்டு, “போச்சுப்பா” என்றார். அதன் பிறகு நடந்ததை நாடறியும். பவன் செராவத் என்னும் இளைஞர் தனியொருவராகப் பாடிச் சென்றே 22 புள்ளிகள் ஈட்டினார். முடிவில் பெங்களூரு 38, குஜராத் 33. 2015 இறுதியில் யு மும்பா அணியிடம் 36–30 என்று தோற்ற பெங்களூருக்கு அது முதற்கோப்பை. முந்திய பருவத்தில் குஜராத் அணியில் இருந்தவரே அந்தப் பவன் என்பதையும் நினைவிற் கொள்க. ஆண்டுக்கோர் ஏலம் வந்தால் வீரன் ஊர் மாறுவான். நம் கைத்தட்டல் மட்டும் அதே ஊரில் நிற்கும்.

இங்கேதான் ஒரு கேள்வி எழுகிறது: நகரத்தின் பெயர் தாங்கிய அணி அந்த நகரத்திற்கு எவ்வளவு சொந்தம்? 2017இல் பெங்களூரு அணியின் ‘சொந்த ஊர்’ ஆட்டங்கள் நடந்த இடம் நாகபுரி. கோப்பை வென்ற இடம் மும்பை. 2021 டிசம்பர் முதல் 2022 பிப்ரவரி வரை, எட்டாம் பருவம் முழுவதும் பெங்களூரிலேயே நடந்தது. ஆனால் பெருந்தொற்றின் காரணமாக ஒயிட்ஃபீல்டில் ஒரு பெரிய விடுதிக்குள், பார்வையாளர் எவருமின்றி! ஆட்டம் எங்கள் ஊரில். நாங்களோ வழக்கம்போல் திரையின் முன்னால். கூட்டமே இல்லாமல் ஒரு பருவத்தை நடத்தி முடிக்கலாம். படப்பொறி இல்லாமல் ஒரு நாளும் நடத்த முடியாது. இந்த உண்மை அன்று பளிச்செனத் தெரிந்தது. 2022 அக்டோபரிலும் 2023 டிசம்பரிலும் கண்டீரவா உள்ளரங்கின் கதவுகள் நமக்குத் திறந்தன. ஆனால் 2024ஆம் ஆண்டுப் பருவமோ ஹைதராபாத், நொய்டா, புனே என மூன்றே நகரங்களுக்குள் அடங்கிவிட்டது. விரிப்பும் விளக்கும் படப்பொறியும் ஊர் ஊராகச் செல்லும் செலவு குறைவதை எண்ணினால் காரணம் விளங்கும்.

அப்படியானால் தொலைக்காட்சி சடுகுடுவைக் கெடுத்துவிட்டதா? அப்படிச் சொல்வது நன்றி மறந்த பேச்சாகும். ஒளிபரப்பு உரிமை 2021இல் ஐந்தாண்டுகளுக்கு 908 கோடி ரூபாய்க்கு விலைபோயிற்று. அந்தப் பணமே வீரனின் உலையில் அரிசியாகிறது. 2014 ஏலத்தில் மிக உயர்ந்த விலை 12.80 இலட்சம்; 2018இல் மோனு கோயத் பெற்றது 1.51 கோடி. நம் தஞ்சை மண்ணின் தர்மராஜ் சேரலாதன் 2016இல் பாட்னா அணிக்குத் தலைமை தாங்கிக் கோப்பையை ஏந்தியபோது, அந்த முகத்தை வீடுதோறும் கொண்டு சேர்த்தது திரைதானே? “சடுகுடு சோறு போடுமா?” என்று கேட்ட தந்தையரின் வாயை அடைத்ததும் அதுவே.

ஆகவே நான் சொல்ல விரும்புவது ஒன்றே. திரை கொடுத்ததைப் பெற்றுக்கொள்வோம். திரை கொடுக்க முடியாததை நாமே வைத்துக்கொள்வோம். பவனைப் போன்ற ஒருவரைத் திரை காட்டும், உருவாக்கித் தராது. அத்தகையவர் தோன்றுவது கூலியும் ஏலமும் இல்லாத களங்களிலேதான். எங்கள் பொம்மனஹள்ளியில் வெற்று மனைகள் ஒவ்வொன்றாய்க் கட்டடமாகின்றன. சிறுவர்கள் கோடு கிழிக்க இடம் சுருங்கி வருகிறது. நம் பல்கலைக்கழகத்திலோ இடத்திற்குப் பஞ்சமில்லை. பதின்மூன்று மீட்டர் நீளமும் பத்து மீட்டர் அகலமும் போதும். பக்கத்திற்கு ஏழு பேர் போதும். விடுதியின் பின்புறத்து மண்தரை நெடுநாளாய்ச் சும்மா கிடக்கிறது. இந்தப் பருவத்தின் இறுதி ஆட்டத்தைச் சேர்ந்து பார்க்கத் திட்டமிடும் நண்பர்களே, அதற்கு முந்திய மாலையில் சுண்ணாம்புப் பொடியுடன் அங்கே வாருங்கள். கடிகாரம் வேண்டியதில்லை; மூச்சு இருக்கிறது.