இலங்கை மிளகும் நம் மலைச் சரக்கும்

நம் வட்டாரத்தில் நடைபெற்ற கிராம சபைக் கூட்டம் ஒன்றில் சாலை, குடிநீர், தெருவிளக்கு முதலிய விஷயங்கள் பேசி முடிந்த பின்னர், மலையடிவாரத்தில் காப்பியும் மிளகும் பயிரிடும் பெரியவர் ஒருவர் எழுந்தார். "ஐயா, நம் கொடியிலே மிளகு காய்த்துத் தொங்கும்போது இலங்கையிலிருந்து கப்பலில் மிளகைக் கொண்டுவருவானேன்? அதற்கு வரிகூடக் கிடையாதாமே, இது எந்த ஊர் நியாயம்?" என்று வினவினார். கூட்டத்தில் சிரிப்பு எழுந்தது. ஆனால் அக்கேள்வி சிரிப்பதற்குரியதன்று. 2016-ஆம் ஆண்டில் கிலோ 650 ரூபாய்க்கு மேல் விற்ற மிளகு, 2018-இல் 400 ரூபாய்க்கும் கீழே இறங்கியதை நம் மலைத் தோட்டக்காரர்கள் மறந்திருக்க மாட்டார்கள். அன்று நாம் அவருக்குக் கூறிய விடை அரைகுறையானது. வட்டார அலுவலகத்துக் கோப்புகளில் இதற்கு விடை இருப்பதில்லை. பின்னர் படித்தும் விசாரித்தும் தெரிந்துகொண்டதைப் பஞ்சாயத்து உறுப்பினர்களும் விவசாயிகளும் அறியுமாறு இங்கு எழுதுகிறோம்.

அயல்நாட்டு வாணிபம் என்றதும், அது டில்லியில் பேசித் தீரும் சங்கதி, நமக்கும் அதற்கும் என்ன தொடர்பு என்று பலர் எண்ணுவதுண்டு. கம்பம் பள்ளத்தாக்கினர் அவ்வாறு எண்ணுவதற்கு இடமே இல்லை. நம் வயலில் பாயும் நீரே, 1886-ஆம் ஆண்டு அக்டோபர் 29-ஆம் நாள் இரு அரசுகள் செய்துகொண்ட பெரியாற்று உடன்படிக்கையின் பேரில் மலையைக் குடைந்து வருகிறது. அதற்கு இருபத்தோராண்டுகள் முன்னரே வாணிபம் பற்றிய வேறோர் உடன்படிக்கையும் ஏற்பட்டிருந்தது. அதனை அறிந்தவர் நம்மிற் சிலரே.

அக்காலத்தில் மலைமுகட்டுக்கு அப்பால் திருவிதாங்கூர் தனி அரசு. இப்பால் ஆங்கிலேயரின் சென்னை மாகாணம். கணவாய் வழியே பொதிமாடு ஓட்டிச் செல்வோர் சாவடியில் சுங்கம் செலுத்தவேண்டும். 1865-ஆம் ஆண்டில் ஆங்கில இந்திய அரசும், திருவிதாங்கூர், கொச்சி அரசுகளும் கூடி, தத்தம் நாட்டில் விளைந்த சரக்குகள் எல்லையைக் கடக்கையில் பெரும்பாலும் சுங்கமின்றிச் செல்லலாம் என்று உடன்பட்டன. அன்று திருவிதாங்கூரில் திவானாக இருந்தவர் மாதவராவ். உப்பு, அபினி போன்ற சில சரக்குகள் இச்சலுகைக்குப் புறம்பாக வைக்கப்பட்டன. சாவடி வருமானம் குன்றும் அரசுகளுக்கு ஈடுசெய்யவும் ஏற்பாடு இருந்தது.

இவ்வளவு நடந்தும், நமக்கு முக்கியமான ஏலக்காய்க்கு விடுதலை கிட்டவில்லை. மலைமேல் விளைந்த ஏலம் முழுவதையும் சர்க்காரிடமே ஒப்படைக்கவேண்டும் என்ற தனியுரிமைச் சட்டம் திருவிதாங்கூரில் மேலும் முப்பதாண்டுகள் நீடித்தது. 1896-இல்தான் அது நீக்கப்பட்டு, அதற்குப் பதிலாக நிலவரி விதிக்கப்பட்டது. அதுவரையில் இரவோடிரவாகத் தலைச்சுமையாய் மலையிறங்கிய ஏலம் எவ்வளவு என்பதற்குக் கணக்கு வைத்தவர் யாருமிலர்!

இன்று நாடுகளுக்கிடையே ஏற்படும் தடையிலா வாணிப உடன்படிக்கைகளின் கூறுகள் அனைத்தும் இப்பழைய ஏற்பாட்டிலேயே இருப்பதைக் காணலாம். வரியைக் குறைப்பது, சில சரக்குகளை விலக்கி வைப்பது, 'தத்தம் நாட்டில் விளைந்த' சரக்குக்கு மட்டுமே சலுகை என்று வரையறுப்பது ஆகியவையே அக்கூறுகள். இரண்டாம் உலகப் போரில் ஒருவரையொருவர் அழித்துக்கொண்ட ஐரோப்பிய நாடுகள், நிலக்கரியையும் எஃகையும் பொதுவாக்கி 1951-இல் தொடங்கிய கூட்டுறவும் இத்தகையதே. நம் தெற்காசியாவில் 1985-இல் சார்க் அமைப்பு தோன்றியது. அதன் வாணிப உடன்படிக்கை 2006-இல் நடைமுறைக்கு வந்தது. ஆயினும் இந்தியாவுக்கும் பாகிஸ்தானுக்கும் இடையே 2019-இல் வாணிபம் முறிந்துபோனதால், அண்டை வீட்டுச் சண்டை தெருக் கடையையும் மூடிவிடும் என்பது மீண்டும் புலப்பட்டது. இவற்றுள் நம் மிளகுக்கு நேரே தொடர்புடையது, 1998 டிசம்பர் 28-ஆம் நாள் கையெழுத்தாகி, 2000-ஆம் ஆண்டு மார்ச் முதல் நாள் செயல்படத் தொடங்கிய இந்திய-இலங்கை உடன்படிக்கையாகும்.

இதன்படி மூன்றாண்டுகளில் 4,000-க்கு மேற்பட்ட வகைச் சரக்குகளுக்கு இந்தியா வரியை முற்றிலும் நீக்கியது. 429 வகைகளை மட்டும் விலக்குப் பட்டியலில் வைத்தது. சிறிய நாடாகிய இலங்கை 1,180 வகைகளை விலக்கி வைத்துக்கொண்டது. மிளகுக்கு நம் நாட்டின் பொது இறக்குமதி வரி நூற்றுக்கு 70. ஆனால் இலங்கை மிளகு ஆண்டுக்கு 2,500 டன் வரையில் வரியின்றி வரலாம் என்றும், அதற்கு மேற்பட்டால் சார்க் உடன்படிக்கையின்படி நூற்றுக்கு 8 வரி என்றும் ஏற்பாடாயிற்று. எனவே வரியில்லை என்று பெரியவர் கூறியது பெரும்பாலும் உண்மையே.

இனி, உண்மையான தொல்லை எங்கே நேருகிறது என்று பார்ப்போம். உலகில் மிகுதியாக மிளகு விளைவிப்பது வியத்நாம். தென்கிழக்காசிய நாடுகளோடு நாம் செய்துகொண்ட, 2010 முதல் நடைமுறையிலுள்ள உடன்படிக்கையின்படி அம்மிளகுக்கு வரி படிப்படியாகக் குறைந்தும் நூற்றுக்கு 50 அளவில்தான் நின்றது. ஒரு கதவில் 50, அடுத்த கதவில் சுழி என்றால், சரக்கு எந்தக் கதவை நாடும் என்பதைச் சந்தைக்குப் போய்வரும் எவரும் சொல்வர். வியத்நாம் மிளகு இலங்கைப் பெயரைத் தாங்கி வருகிறது என்பதே 2016, 2017-ஆம் ஆண்டுகளில் நம் தோட்டக்காரர்கள் எழுப்பிய குற்றச்சாட்டு. உடன்படிக்கையின்படி சலுகை பெறும் மிளகு இலங்கை மண்ணிலேயே விளைந்து பறிக்கப்பட்டதாக இருக்கவேண்டும். அதற்கு அந்நாட்டு அதிகாரிகள் அளிக்கும் உற்பத்தி நாட்டுச் சான்றும் வேண்டும். மூட்டையிலுள்ள மிளகு தன் ஊரைத் தானே சொல்வதில்லை. ஆகவே சான்றின் நேர்மையிலேயே உடன்படிக்கை முழுவதும் நிற்கிறது எனலாம்.

மிளகுக்கு முன்னரே வனஸ்பதி இப்பாடத்தைப் புகட்டியிருந்தது. இலங்கையில் பாமாயில் விளைச்சல் சொற்பமே. ஆயினும் மலேசியா முதலிய நாடுகளிலிருந்து அவ்வெண்ணெயை வரவழைத்து, அங்கே வனஸ்பதியாக மாற்றி, வரியின்றி இந்தியாவுக்கு அனுப்பும் ஆலைகள் பல தோன்றின. அயல்நாட்டு மூலப்பொருளைக் கொண்டு செய்தாலும், மதிப்பில் நூற்றுக்கு 35 பங்கு இலங்கையில் கூட்டப்பட்டால் போதும் என்ற விதி அதற்கு இடமளித்தது. 2006-இல் இந்திய அரசு அதனை ஆண்டுக்கு 2,50,000 டன் என்று கட்டுப்படுத்தியது. தென்னையும் நிலக்கடலையும் பயிரிடுவோருக்கு இது புறக்கணிக்கத்தக்க செய்தியன்று.

மிளகு விஷயத்திலும் அரசு வாளாவிருக்கவில்லை. 2017 டிசம்பரில் கிலோவுக்கு 500 ரூபாய் என்று குறைந்தபட்ச இறக்குமதி விலை நிர்ணயிக்கப்பட்டது. 2018 மார்ச்சில், அதற்குக் குறைந்த விலையுள்ள மிளகின் இறக்குமதியே தடைசெய்யப்பட்டது. சான்றின் உண்மையைப் பற்றிய விவரங்களை இறக்குமதி செய்பவரே வைத்திருந்து காட்டவேண்டும் என்ற சுங்க விதிகள் 2020 செப்டம்பரில் வந்தன. இவை வேண்டியவையே. ஆனால் இவற்றால் விலை உடனே ஏறிவிட்டதா? இல்லை. விலை 600 ரூபாயைக் கடந்தது சில ஆண்டுகள் கழித்துத்தான். வியத்நாம் விவசாயிகள் மிளகுக் கொடியைக் கைவிட்டு முள்நாறிப் பழத்துக்கும் காப்பிக்கும் மாறியதால் உலக விளைச்சல் குறைந்தமை அதற்கு ஒரு பெருங்காரணம். நம் கொடியின் விலையை அங்குள்ள விவசாயி தீர்மானிக்கிறார் என்பது கசப்பாயினும் மெய்யே.

அப்படியானால் உடன்படிக்கையையே கிழித்தெறிந்துவிடலாமே என்று சிலர் கூறுவர். அவர்கள் ஒருகணம் பாக் நீரிணையைத் தாண்டி யாழ்ப்பாணத்தை நினைத்துப் பார்த்தல் நலம். 1970 முதல் 1977 வரை இலங்கை அரசு இறக்குமதியைக் கடுமையாகத் தடுத்திருந்தபோது, யாழ்ப்பாணத்து விவசாயிகள் வெங்காயமும் மிளகாயும் பயிரிட்டு நன்கு வாழ்ந்தனர். 1977-இல் கதவு திறந்ததும் அவர்தம் விலை வீழ்ந்தது. இன்றும் இலங்கை தன் காய்ந்த மிளகாய்த் தேவையில் பெரும்பகுதிக்கு இந்தியாவையே நம்பியிருக்கிறது. நம் பெரியவர் மிளகைப் பற்றிக் கேட்டதையே, அங்கே நம் மொழி பேசும் மற்றொரு பெரியவர் நம் மிளகாயைப் பற்றிக் கேட்டுக்கொண்டிருப்பார். அவருக்கு நாம் என்ன மறுமொழி சொல்வது? வேளாண்மையில் நலிந்தோர் இரு கரையிலும் இருப்பதனால்தான் விலக்குப் பட்டியலும் அளவுக் கட்டுப்பாடும் உடன்படிக்கைகளில் இடம்பெறுகின்றன. அவற்றை விழிப்போடு காக்கவேண்டும் என்பதே நம் கருத்து. கதவையே சுவராக்கவேண்டும் என்பதன்று.

ஏலக்காயின் நிலை வேறு. வீடு போடியிலோ கம்பத்திலோ, தோட்டம் மலைமேல் கேரளத்திலோ என்று வாழும் குடும்பங்கள் நம்மிடையே பல. நறுமணப் பொருள் வாரியத்தின் மின்னணு ஏலம் போடியிலும் புற்றடியிலும் நடைபெறுகிறது. இப்பயிரில் நமக்குப் போட்டி இலங்கையன்று. கடல்கள் பல கடந்த குவாத்தமாலா. முதல் உலகப் போருக்கு முன்னர் ஜெர்மானியத் தோட்ட முதலாளி ஒருவர் அங்கே கொண்டுபோய் நட்ட நம் நாட்டு ஏலம், இன்று அந்நாட்டை உலகின் முதன்மை ஏற்றுமதி நாடாக்கியிருக்கிறது. அந்நாட்டார் ஏலத்தை அதிகம் உண்பதில்லை. விளைவதில் பெரும்பகுதியை அரபு நாடுகளுக்கு விற்கின்றனர். நாமோ விளைவதில் பெரும்பகுதியை நாமே உண்கிறோம். 2018-ஆம் ஆண்டுப் பெருவெள்ளத்தில் தோட்டங்கள் அழிந்ததை அடுத்து, 2019 ஆகஸ்டில் ஏலத்தில் கிலோ 7,000 ரூபாய் வரை விலை போனது. அவ்விலைக்கு அரபு வணிகர் நம்மிடம் ஏன் வரவேண்டும்?

வளைகுடா நாடுகள் ஆறும் 2003 முதல் ஒரே சுங்க எல்லையாய் அமைந்து, வெளிநாட்டுச் சரக்குக்குப் பொதுவாக நூற்றுக்கு 5 வரி விதிக்கின்றன. அவற்றுள் ஒன்றான ஐக்கிய அரபு அமீரகத்தோடு இந்தியா செய்த உடன்படிக்கை 2022 மே முதல் நாள் நடைமுறைக்கு வந்தது. ஆனால் அதற்கு முன்னரே, 2018-ஐ ஒட்டிய ஆண்டுகளில், பூச்சிமருந்தின் எச்சம் மிகுதி என்று கூறிச் சவுதி அரேபியா நம் ஏலக்காயை மறுத்துவிட்டது. மறுக்கப்பட்ட சரக்குக்கு 5 விழுக்காட்டுச் சலுகை இருந்தென்ன, இல்லாதிருந்தென்ன? டில்லியில் கையெழுத்திடுவோர் சுங்கக் கதவைத் திறக்கலாம். எச்சத்தின் கதவைத் திறப்பதும் அடைப்பதும் தோட்டத்தில் தெளிப்பான் பிடிக்கும் கையே. ஏறத்தாழ நாற்பது நாட்களுக்கொரு முறை காய் பறிக்கும் பயிரில், மருந்தடித்த நாளுக்கும் பறிக்கும் நாளுக்கும் இடையே போதிய அவகாசம் விடாவிட்டால் மருந்து காயிலேயே தங்கும். நிறத்துக்காகச் சாயம் ஏற்றும் தீய வழக்கத்தைப் பற்றிச் சொல்லவே வேண்டுவதில்லை.

சின்னமனூர், கம்பம் பகுதிகளில் வாழைத்தாருக்கு உறையிட்டு, சீப்பைத் தழும்பின்றி வெட்டி, பெட்டியில் அடுக்கி வளைகுடாவுக்கு அனுப்பும் விவசாயிகள் இதனை நன்கு அறிவர். வரியைவிடத் தழும்பே அவர்களுக்குப் பெரும் பகை.

எந்த நாளில், எந்தக் கண்டத்தில், என்ன மருந்து, எவ்வளவு அடிக்கப்பட்டது, எந்த நாளில் காய் பறிக்கப்பட்டது என்ற ஐந்து விவரங்களையும் எழுதி வைக்கும் குறிப்பேடு ஒன்று ஒவ்வொரு தோட்டத்திலும் இருத்தல் வேண்டும். உழவர் உற்பத்தியாளர் நிறுவனம் உள்ள ஊர்களில், பலர் சரக்கைக் கூட்டி ஒரே மாதிரியாகச் சோதனைக்கு அனுப்பலாம். நறுமணப் பொருள் வாரியத்தின் ஆய்வுக்கூடம் தூத்துக்குடியிலும் உள்ளது. மிளகு விலை திடீரென வீழும் பருவத்தில், சந்தை விலையையும் நாளையும் குறித்துக் கிராம சபையில் தீர்மானம் நிறைவேற்றி மேலே அனுப்புவது பயனுள்ளதே. 2017-இல் விலைக் கட்டுப்பாடு வந்தது விவசாயிகள் முறையிட்டபின்னரே.

கேள்வி கேட்ட பெரியவரிடம் இவற்றையெல்லாம் பின்னர் நேரில் விளக்கினோம். பொறுமையாகக் கேட்டார். "சரி ஐயா, யாழ்ப்பாணத்துக்காரர் கதை எனக்குப் புரிகிறது. அந்த வியத்நாம் மூட்டையைத் துறைமுகத்தில் பிரித்துப் பார்ப்பது யார்?" என்று மறுபடியும் கேட்டார். சுங்க அதிகாரிகள் என்றோம். அவர் தலையசைத்துவிட்டு, குறிப்பேட்டை எவ்வாறு கோடு போடுவது என்று கேட்டு எழுதிக்கொண்டார்.