கோப்பா, கொள்ளியா?

தம்பி,

ஒரு கோப்பிலே என்ன இருக்கும்? பெயர் இருக்கும், வயது இருக்கும், முகவரி இருக்கும். வெறும் காகிதந்தானே என்பாய். 1968-இல் அமெரிக்காவிலே அந்தக் காகிதம் மேசைவிட்டு மேசை நகர்ந்தால், வீட்டிலிருந்த பிள்ளை வியட்நாம் போர்க்களத்துக்கு நகர்ந்தான்!

எல்லா வீட்டுப் பிள்ளைகளுமா? இல்லை. கல்லூரியில் படிப்பவனுக்குப் படிப்பு முடியும்வரை விலக்கு உண்டு. கட்டணம் கட்ட வகையற்ற தொழிலாளியின் மகனுக்கு? அவனுக்குத் துப்பாக்கி உண்டு!

அந்த ஆண்டு மே 17. மேரிலாந்து மாநிலம், கேட்டன்ஸ்வில் என்னும் ஊர். படைக்கு ஆள் எடுக்கும் அலுவலகத்துக்குள் ஒன்பது பேர் நுழைந்தனர். ஆடவர் எழுவர், பெண்டிர் இருவர், அனைவரும் கத்தோலிக்கர். டேனியல் பெரிகன், பிலிப் பெரிகன் என்ற உடன்பிறந்தார் இருவரும் பாதிரிமார். 378 கோப்புகளை அள்ளினர், வெளியே வண்டி நிறுத்தும் இடத்திலே குவித்தனர், கொளுத்தினர். எதைக் கொண்டு? பெட்ரோலும் சோப்பும் கலந்து, தாங்களே செய்த நாபாம் கொண்டு! வியட்நாம் குடிசைகள்மீது விமானங்கள் கொட்டிய நெருப்பின் பெயரும் அதுதான்.

ஓடினார்களா? இல்லை. எரியும் குவியலருகே நின்று ஜெபித்தனர். போலீஸ் வரும்வரை காத்திருந்தனர்.

அக்டோபரில் பால்டிமோர் நீதிமன்றம். கொளுத்தியதை அவர்கள் மறுக்கவில்லை. ஏன் கொளுத்தினோம் என்பதைத்தான் எடுத்துரைத்தனர். நோக்கம் எதுவாயினும் குற்றம் குற்றமே என்றது சட்டம். 2 ஆண்டு முதல் மூன்றரை ஆண்டுவரை சிறை விதிக்கப்பட்டது.

'ஆளுக்கொரு நியாயம் பேசி அரசாங்க ஆவணத்தை எரித்தால் நாடு என்னாகும்?' என்று கேட்பார் உண்டு. நியாயமான கேள்விதான். ஆனால் தம்பி, திருடன் இருட்டைத் தேடுவான். இவர்களோ பட்டப்பகலில் செய்துவிட்டுக் கைவிலங்குக்குக் கை நீட்டினர். 1970 ஏப்ரலில் டேனியல் சிறை செல்ல மறுத்துத் தலைமறைவானார், உண்மை. அப்போதும் வாய்மூடிப் பதுங்கவில்லை. போரை எதிர்த்துப் பேசியபடியே இருந்தார். ஆகஸ்டில் பிடிபட்டார், சிறை புகுந்தார்.

1973-இல் கட்டாய ஆளெடுப்பு நின்றது. ஒன்பது பேரால் மட்டுமே நின்றது என்று நான் சொல்லமாட்டேன். ஊரெங்கும் எழுந்த எதிர்ப்பிலே அவர்கள் பங்கும் உண்டு.

கோப்பைக் கையெழுத்துக்கு உரிய காகிதமாகப் பார்த்தனர் அதிகாரிகள். அதிலே ஒரு தாயின் பிள்ளையைப் பார்த்தனர் அந்த ஒன்பது பேர். பார்த்தபின் ஜெபம் மட்டும் போதும் என்று இருக்க அவர்களால் முடியவில்லை, தம்பி!