மைக் ரீட்: காற்பந்துக் களத்திலிருந்து துயரப் பாடல்களுக்கு

மைக் ரீட் (பிறப்பு: மே 24, 1947) அமெரிக்கப் பாடலாசிரியர், பியானோ கலைஞர், பாடகர். இசைக்கு வருமுன் அமெரிக்கக் காற்பந்தில் தன் காலத்தின் சிறந்த தடுப்பாட்ட வீரர்களுள் ஒருவராக இருந்தார். ஐந்து ஆண்டுகள் மட்டுமே தொழில்முறை ஆட்டக்காரராக விளையாடி, 27 வயதில் அதைக் கைவிட்டார். போனி ரெய்ட் பாடிய 'ஐ கான்ட் மேக் யூ லவ் மீ' என்ற பாடலை ஆலன் ஷாம்ப்ளினுடன் சேர்ந்து எழுதியவர் இவரே. அந்தப் பாடலைக் கேட்டு உருகும் பலருக்கு, அதை எழுதியவர்களில் ஒருவர் எதிரணியினரைத் தரையில் சாய்த்துப் பேர் வாங்கியவர் என்பது தெரியாது.

அமெரிக்கக் காற்பந்து என்பது நாம் காற்பந்து என்று சொல்லும் ஆட்டமல்ல. முட்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்தி ஓடியும் எறிந்தும் முன்னேறும் ஆட்டம் அது. தலைக்கவசமும் தோள்கவசமும் அணிந்தவர்கள் ஒருவர் மீது ஒருவர் மோதிக்கொள்வார்கள். அதில் 'டிஃபென்சிவ் டாக்கிள்' என்ற இடத்தில் ரீட் விளையாடினார். தடுப்பு வரிசையின் நடுவில் நிற்கும் இடம் அது. பந்து நகர்ந்த நொடியில் எதிரே நிற்கும் பெருத்த உடல்களைத் தள்ளிக்கொண்டு உள்ளே புகுந்து, பந்து வைத்திருப்பவரை வீழ்த்த வேண்டும். விரல்களும் முழங்கால்களும் அதிகம் அடிபடும் இடம் என்றும் சொல்லலாம். பியானோ வாசிப்பவர் ஒருவர் தேர்ந்துகொள்ளக்கூடிய வேலைகளில் இதைவிடப் பொருத்தமற்ற ஒன்றைக் கண்டுபிடிப்பது கடினம்.

பிறப்பும் கல்லூரிக் காலமும்

ரீட் பென்சில்வேனியா மாநிலத்தின் அல்டூனா நகரில் பிறந்தவர். அலிகெனி மலைகளின் அடிவாரத்தில், ரயில்வே பட்டறைகளை நம்பி வளர்ந்த தொழிலாளர் நகரம் அது. இந்த மலைகள் அப்பலாச்சிய மலைத்தொடரின் ஒரு பகுதி. அமெரிக்க நாட்டுப்புறப் பாடல்களின் பெரிய ஊற்றுகளில் ஒன்று இந்தத் தொடரின் தெற்குப் பகுதி என்பதைப் பின்னால் பார்ப்போம்.

பென் ஸ்டேட் பல்கலைக்கழகத்தில் அவர் எடுத்த பாடம் இசை. அதே வேளையில் புகழ்பெற்ற பயிற்சியாளர் ஜோ பட்டர்னோவின் அணியில் விளையாடினார். மல்யுத்தத்திலும் 1967-ல் கிழக்கு மண்டலத்தின் மிகை எடைப் பிரிவுப் பட்டத்தை வென்றார். அதே ஆண்டில் முழங்கால் காயத்தால் காற்பந்துப் பருவம் கைவிட்டுப்போனது. திரும்பி வந்தபின் ஆடிய 1968, 1969 ஆகிய இரு பருவங்களிலும் பென் ஸ்டேட் ஓர் ஆட்டத்தில்கூடத் தோற்கவில்லை. பருவத்துக்கு 11 ஆட்டங்கள், 11 வெற்றிகள்.

ஆனாலும் அந்த அணிக்குத் தேசிய முதலிடம் கிடைக்கவில்லை. அக்காலத்தில் கல்லூரிக் காற்பந்தில் இறுதிப்போட்டி என்று ஒன்று இல்லை. பத்திரிகையாளர்களும் பயிற்சியாளர்களும் வாக்களித்தே முதலிடத்தை முடிவு செய்தார்கள். 1969 டிசம்பரில் டெக்சாஸ் அணி அர்கன்சாஸை 15-14 என்று வென்றது. ஆட்டம் பார்க்க வந்திருந்த குடியரசுத் தலைவர் நிக்சன், டெக்சாஸ்தான் நாட்டின் முதல் அணி என்று அங்கேயே அறிவித்துப் பட்டயமும் கொடுத்துவிட்டார். பட்டர்னோ இதை மறக்கவில்லை. வாட்டர்கேட் விவகாரம் வெடித்த 1973-ல், கல்லூரிக் காற்பந்தைப் பற்றி இவ்வளவு அறிந்த ஒருவருக்கு வாட்டர்கேட் பற்றி மட்டும் எப்படி ஒன்றும் தெரியாமல் போனது என்று பட்டமளிப்பு மேடையிலேயே கேலி செய்தார்.

தனிப்பட்ட முறையில் ரீட் 1969-ல் பெறாத பெருமை குறைவு. களத்தின் நடு வரிசை வீரர்களில் சிறந்தவருக்கான அவுட்லண்ட் கோப்பையும், கல்லூரி வீரர்களில் சிறந்தவருக்கான மேக்ஸ்வெல் விருதும் அவருக்கே கிடைத்தன. ஹைஸ்மன் கோப்பைக்கான வாக்கெடுப்பில் ஐந்தாம் இடம் பெற்றார். பந்தைத் தொடாமலே ஆடும் தடுப்பாட்ட வீரருக்கு அந்த வாக்கெடுப்பில் இடம் கிடைப்பதே அரிது.

சின்சினாட்டியில் ஐந்து ஆண்டுகள்

1970-ஆம் ஆண்டுத் தேர்வில் சின்சினாட்டி பெங்கால்ஸ் அணி ரீட்டை முதல் சுற்றில், ஏழாவது ஆளாகத் தேர்ந்தெடுத்தது. பால் பிரவுன் உருவாக்கிய அந்த அணி களமிறங்கி இரண்டே ஆண்டுகள் ஆகியிருந்தன. ரீட் வந்த முதல் பருவத்திலேயே அணி தன் பிரிவில் முதலிடம் பெற்றது. 1972, 1973 ஆண்டுகளில் சிறந்த வீரர்களுக்கான 'புரோ பவுல்' ஆட்டத்துக்கு அவர் தேர்வானார்.

ஆட்டம் இல்லாத மாதங்களில் அவர் பியானோ வாசித்தார். வீட்டில் பொழுதுபோக்காக அல்ல. சின்சினாட்டி, டாலஸ், சான் அன்டோனியோ சிம்பொனி இசைக்குழுக்களோடு மேடையில் வாசித்தார். ஞாயிற்றுக்கிழமைகளில் மோதலும் அதன்பின் பேண்டேஜ் சுற்றிய விரல்களுமாக ஒரு பாதி ஆண்டு. அதே விரல்களால் கச்சேரி வாசிக்கும் மறுபாதி. இரண்டையும் நெடுநாள் சேர்த்து ஓட்ட முடியாது என்பது வெளிப்படை.

1974 பருவம் முடிந்ததும் விலகினார். விளையாட்டு வீரர்களின் இரண்டாவது தொழில் என்பது பெரும்பாலும் உடல் ஒத்துழைக்க மறுத்த பின் தேடிக்கொள்வது. பயிற்சியாளர் ஆவார்கள், வர்ணனை செய்வார்கள், கடை திறப்பார்கள். ரீட்டுக்குக் காயங்கள் இருந்தன என்பது உண்மைதான். ஆனால் அவர் அணியிலிருந்து கழிக்கப்பட்டவர் அல்லர். இன்னும் பல ஆண்டுகள் சம்பளம் வாங்கக்கூடிய நிலையில் இருந்தவர். முன்னாள் வீரர் என்ற பெயரை வைத்துப் பதிவுக்கு வந்த வேடிக்கைப் பாடகர்களின் பட்டியலில் அவரைச் சேர்க்க முடியாததற்கு இதுவே காரணம்.

நாஷ்வில்

உடனடியாகப் புகழ் வந்துவிடவில்லை. சின்சினாட்டியில் ஒரு சிறு குழுவோடும் பிறகு தனியாகவும் வாசித்துத் திரிந்தார். 1980-ல் டென்னசி மாநிலத்தின் நாஷ்வில் நகருக்குக் குடிபெயர்ந்தார்.

நாஷ்வில்லின் வேலை முறையைக் கொஞ்சம் விளக்க வேண்டும். அங்கே பாடலாசிரியர் என்பது அலுவலகத்துக்குப் போய் வருவது போன்ற தொழில். இசைப் பதிப்பு நிறுவனம் ஒன்று எழுத்தாளரை ஒப்பந்தம் செய்து, வரவிருக்கும் உரிமைத்தொகையில் கழித்துக்கொள்ளும் முன்பணமாக மாதந்தோறும் ஒரு தொகை தரும். அவர் இன்னொரு எழுத்தாளரோடு ஓர் அறையில் உட்கார்ந்து சொல்லையும் மெட்டையும் சேர்த்தே உருவாக்குவார். முடிந்த பாடல் மாதிரிப் பதிவாகி, பாடகர்களின் தயாரிப்பாளர்களிடம் போகும். எழுதியவற்றில் பெரும்பகுதி யாராலும் பாடப்படாமல் அலமாரியில் தங்கிவிடும். களத்தில் புகழ் பெற்றவர் என்பதற்காக இங்கே யாரும் பாட்டை எடுத்துக்கொள்ள மாட்டார்கள்.

ரீட்டின் பாடல்களை எடுத்துப் பாடியவர்களுள் ஒருவர் ரானி மில்சாப். பிறவியிலேயே பார்வைக் குறைபாடு கொண்ட அவர் பியானோ வாசித்தபடியே பாடும் நாட்டுப்புறப் பாணிப் பாடகர். அப்போது உச்சத்தில் இருந்தவர். 1983-ல் 'இன்சைட்' கன்ட்ரி பட்டியலில் முதலிடம் பிடித்தது. அதே ஆண்டு வந்த 'ஸ்ட்ரேஞ்சர் இன் மை ஹவுஸ்', சிறந்த கன்ட்ரி பாடலுக்கான கிராமி விருதை 1984-ல் ரீட்டுக்குப் பெற்றுத் தந்தது. பாடகருக்கல்ல, எழுதியவருக்குத் தரப்படும் விருது இது. மனைவியின் மனத்தில் வேறொருவன் குடிபுகுந்துவிட்டான் என்று உணரும் கணவனின் பாட்டு அது. அந்த வேறொருவன் பாட்டில் எங்கும் நேரில் வருவதில்லை. சொந்த வீட்டுக்குள்ளேயே ஓர் அந்நியனின் நடமாட்டத்தை உணரும் பயம்தான் பாட்டு முழுவதும் நிற்கிறது.

இருண்ட அமெரிக்கானா என்றால் என்ன?

அமெரிக்கானா என்பது கன்ட்ரி, ப்ளூஸ், நாட்டுப்புறப் பாடல், ப்ளூகிராஸ், கோஸ்பல் ஆகிய அமெரிக்க வேர்களைக் கலந்த இசைக்கு 1990-களில் நிலைபெற்ற பெயர். அதற்கான சங்கம் 1999-ல் தொடங்கப்பட்டது. கிராமி விருதுகளில் சிறந்த அமெரிக்கானா தொகுப்புக்கென்று தனிப் பிரிவு 2010 முதல் உள்ளது. இதன் இருண்ட கிளையில் கொலை, குற்றவுணர்வு, பேய், பாழ்நிலம், கைவிடப்பட்ட காதல் ஆகியவை பாடுபொருள்கள். டென்வர் நகரின் சிக்ஸ்டீன் ஹார்ஸ்பவர் குழுவையும் கணவன்-மனைவி இணையான ஹேண்ட்சம் ஃபேமிலியையும் இதற்கு எடுத்துக்காட்டுவார்கள்.

பெயர் புதிது, சரக்கு பழையது. பிரித்தானியத் தீவுகளிலிருந்து வந்து அப்பலாச்சிய மலைகளில் குடியேறியவர்கள் தங்களோடு கொலைக்கதைப் பாடல்களையும் கொண்டுவந்தார்கள். புதிய நிலத்தில் புதிய கொலைகள் நடந்தபோது புதிய பாட்டுகள் பிறந்தன. வட கரோலினாவில் 1866-ல் லாரா ஃபாஸ்டர் என்ற பெண் கொல்லப்பட்டார். அதற்காக டாம் டூலா 1868-ல் தூக்கிலிடப்பட்டார். அந்தக் கதை 'டாம் டூலி' என்ற பாட்டாக மலைகளில் வழங்கி, 1958-ல் கிங்ஸ்டன் ட்ரியோ குழுவின் பதிவால் நாடெங்கும் ஒலித்தது. இந்தப் பாட்டுகளில் அடிக்கடி வரும் கதை ஒன்றுதான்: மறுத்த பெண், அல்லது வேண்டாதவளாகிவிட்ட பெண், அவளைக் கொல்லும் ஆண்.

ரீட்டை இருண்ட அமெரிக்கானா பாடகர் என்று எந்தக் கடை அலமாரியும் வகைப்படுத்தியதில்லை. அவர் கன்ட்ரி எழுத்தாளர். ஆனால் அவருடைய மிகப் பெரிய பாட்டு புறப்பட்ட இடம் இந்தப் பழைய கொலைக்கதைகளின் வாசல்தான்.

துப்பாக்கியிலிருந்து பியானோவுக்கு

செய்தித்தாளில் ரீட் ஒரு துணுக்கைப் படித்தார். ஒருவன் குடித்துவிட்டுத் தன் காதலியின் காரைத் துப்பாக்கியால் சுட்டிருக்கிறான். இதிலிருந்து ஏதாவது கற்றுக்கொண்டாயா என்று நீதிபதி கேட்கிறார். விருப்பமில்லாத பெண்ணை விரும்ப வைக்க முடியாது என்று கற்றுக்கொண்டேன் என்கிறான் அவன்.

ரீட்டும் ஆலன் ஷாம்ப்ளினும் இதை வைத்து எழுதத் தொடங்கினார்கள். முதலில் வந்தது துள்ளல் நடையிலான ப்ளூகிராஸ் பாட்டு. பாஞ்சோவும் ஃபிடிலும் விரட்டிக்கொண்டு ஓடும் வகை. அப்படியே முடித்திருந்தால் கேட்டுச் சிரித்துவிட்டு மறந்துபோகும் பாட்டாகியிருக்கும். ஆறு மாதங்களுக்கு மேல் விடாமல் அதைத் திருத்திக்கொண்டிருந்தார்கள். ரீட் வீட்டின் நிலவறையில் வேலை நடந்துகொண்டிருந்தது. ஒருநாள் ரீட், மேலே பியானோ இருக்கும் கூடத்துக்கு வரச் சொன்னார் என்று ஷாம்ப்ளின் நினைவுகூர்ந்திருக்கிறார். அங்கே வேகம் குறைந்தது. பாட்டின் எடை கூடியது.

வேகத்தைக் குறைத்ததால் என்ன மாறியது? துப்பாக்கி காணாமல் போனது, காரும் நீதிபதியும் போனார்கள். எஞ்சியது ஓர் இருட்டறை. இனித் தன்னை விரும்பப்போவதில்லை என்று தெரிந்த ஒருவரோடு கழிக்கும் கடைசி இரவு. கொலைக்கதைப் பாட்டில் மறுப்பைத் தாங்க முடியாதவன் கத்தியை எடுக்கிறான். இங்கே பேசுபவர் காலை விடிந்ததும் விலகிவிடுவதென்று ஒப்புக்கொள்கிறார். பழைய பாட்டுகள் செய்ய மறுத்ததை இந்தப் பாட்டு செய்கிறது. அதனால் இருள் குறைந்துவிடவில்லை, வன்முறைக்குப் போக வழியில்லாமல் அது முழுவதும் உள்ளுக்குள்ளேயே தங்கிவிடுகிறது.

பாடல் போனி ரெய்ட்டிடம் போய், 1991-ல் வெளியான 'லக் ஆஃப் தி டிரா' தொகுப்பில் இடம்பெற்றது. பியானோ வாசித்தவர் புரூஸ் ஹார்ன்ஸ்பி. பாடும் பகுதியை ரெய்ட் ஒரே தடவையில் பதிவு செய்தார். அந்தத் துயரத்தை மறுபடி கொண்டுவர முடியவில்லை என்பது அவர் சொன்ன காரணம். பில்போர்டு பொதுப் பட்டியலில் 18-ஆம் இடம்தான் கிடைத்தது. முதலிடம் பெற்ற எத்தனையோ பாட்டுகளைவிட இது நீண்டகாலம் நின்றிருக்கிறது. பிரின்ஸ், ஜார்ஜ் மைக்கேல், அடெல், போன் ஐவர் என்று ஒருவரோடொருவர் ஒட்டாத குரல்களெல்லாம் இதைப் பாடியிருக்கின்றன. ஆணின் வாயிலிருந்து பிறந்த வாக்கியம் பெண்ணின் குரலில் புகழ் பெற்றது என்பதையும் கவனிக்க வேண்டும். சுட்டவனின் பக்கத்திலிருந்து விலகி யார் வேண்டுமானாலும் பாடக்கூடியதாக அது மாறியிருந்தது.

ரீட் தானும் பாடினார். கொலம்பியா நிறுவனத்துக்காக அவர் பாடிய 'வாக் ஆன் ஃபெய்த்' 1991-ல் கன்ட்ரி பட்டியலில் முதலிடம் பெற்றது. 'டர்னிங் ஃபார் ஹோம்' (1991), 'ட்விலைட் டவுன்' (1992) ஆகிய இரு தொகுப்புகள் வந்தன. பாடகராக அந்த உயரம் நீடிக்கவில்லை. ஷாம்ப்ளினோடு எழுதிய 'இன் திஸ் லைஃப்' 1992-ல் காலின் ரேயின் குரலில் முதலிடம் பிடித்தது. பிறருக்கு எழுதுவதே அவருடைய வலிமை என்பதை இதுவும் காட்டியது.

மேடை நாடகங்களும் ஓபெராவும்

பின்னாளில் ரீட் நாடக எழுத்தாளர் சாரா ஷ்லெசிங்கரோடு சேர்ந்து மேடைக்கு இசையமைத்தார். 1996-ல் அரங்கேறிய 'டிஃபரண்ட் ஃபீல்ட்ஸ்' என்ற ஓரங்க ஓபெராவின் நாயகன் ஒரு காற்பந்து வீரர். தான் விட்டுவந்த களத்தை ரீட் இப்படித்தான் திரும்பித் தொட்டார்.

2000-ஆம் ஆண்டில் சிகாகோவின் ஸ்டெப்பன்வுல்ஃப் அரங்கில் 'தி பாலட் ஆஃப் லிட்டில் ஜோ' நிகழ்ந்தது. 1993-ல் வந்த அதே பெயருள்ள திரைப்படத்தை ஒட்டிய இசை நாடகம் இது. மேற்கத்திய எல்லைப்புறத்தில் தனியாகப் பிழைப்பதற்காக ஆண் வேடம் பூண்டு, சாகும்வரை ஆணாகவே அறியப்பட்ட ஜோசஃபின் மோனகன் என்ற பெண்ணின் உண்மை வாழ்க்கையே அந்தப் படத்துக்குத் தூண்டுதல். வெளியார் கண்ணுக்கு ஒரு உடல், உள்ளே இன்னொரு ஆள் என்ற இந்தக் கதை ரீட்டை ஏன் ஈர்த்தது என்று ஊகிக்கத் தோன்றுகிறது. அதை ஊகமாகவே விட்டுவிடலாம்.

கல்லூரிக் காற்பந்தின் புகழ் மன்றத்தில் அவர் பெயர் 1987-ல் சேர்ந்தது. நாஷ்வில் பாடலாசிரியர்களின் புகழ் மன்றத்தில் 2005-ல் சேர்ந்தது.